இயன் ஹோம்: மேடையை விட்டுப் போன ஒரு குணச்சித்திர நடிகர் – நிகழ்வு ஆய்வு

1976, லண்டன் ஆல்ட்விச் அரங்கம். ராயல் ஷேக்ஸ்பியர் கம்பெனி யூஜின் ஓ'நீலின் ‘தி ஐஸ்மேன் கமெத்’ நாடகத்தை மேடையேற்றுகிறது. விமர்சகர்கள் வருவதற்கு முன், டிக்கெட் வாங்கி வந்த பார்வையாளர்கள் முன்னால் நடக்கும் முன்னோட்டக் காட்சிகளில் ஒன்று. ஹிக்கி வேடம் போட்ட இயன் ஹோம் பாதியில் மேடையை விட்டு இறங்கிப் போனார். ஒப்பனை அறைத் தரையில் சுருண்டு கிடந்தவரைத்தான் பிறகு கண்டார்கள். அந்த வேடத்துக்கு அவர் திரும்பவே இல்லை. அப்போது வயது 44.

அதற்குள் அவர் கையில் அமெரிக்க நாடக உலகின் டோனி விருது இருந்தது, பிரிட்டிஷ் திரைப்பட விருதான பாஃப்டா இருந்தது, ஷேக்ஸ்பியரின் பெரிய வேடங்கள் பல இருந்தன. பாடம் மறந்த புதுமுகம் இல்லை இவர். அதற்குப் பிறகு 17 ஆண்டுகள் மேடையிலிருந்து பெரும்பாலும் விலகியே இருந்தார். இன்று உலகம் அவரை அடையாளம் காணும் படங்களில் முக்கால்வாசி அந்த விலகலுக்குப் பிறகு வந்தவை. மேடையில் நின்றுபோன ஒருவர் கேமரா முன் எப்படி ஓடினார் என்பதுதான் இங்கே ஆராய வேண்டியது.

வேர்

இயன் ஹோம் கத்பர்ட் 1931 செப்டம்பர் 12 அன்று எசெக்ஸில் உள்ள குட்மேஸில் பிறந்தார். ‘ஹோம்’ என்பது அம்மா வழிப் பெயர். மேடைக்கு அதையே வைத்துக்கொண்டார். அப்பா மனநல மருத்துவர், ஒரு மனநல மருத்துவமனையின் கண்காணிப்பாளர், மின்னதிர்ச்சிச் சிகிச்சையை ஆரம்ப காலத்தில் கையாண்டவர்களில் ஒருவர். அம்மா செவிலியர். 1994இல் ‘தி மேட்னஸ் ஆஃப் கிங் ஜார்ஜ்’ படத்தில், பித்துப் பிடித்த அரசனைப் பார்வையாலேயே அடக்கும் டாக்டர் வில்லிஸாக வரும்போது ஹோம் குரலை உயர்த்துவதே அரிது. அந்த நிதானம் எங்கிருந்து வந்தது என்று ஊகிக்கத் தோன்றும். ஊகத்தோடு நிறுத்திக்கொள்வது நல்லது.

ராடா நடிப்புப் பள்ளி, இடையில் கட்டாய ராணுவ சேவை, 1954இல் ஸ்ட்ராட்ஃபோர்டின் ஷேக்ஸ்பியர் நாடகக் குழு. முதல் வேலை ‘ஒத்தெல்லோ’வில் ஈட்டி பிடித்து நிற்பது. 1961இல் ராயல் ஷேக்ஸ்பியர் கம்பெனி என்று பெயர் மாறிய அந்தக் குழுவில், இயக்குநர் பீட்டர் ஹாலின் கீழ், ஒரு படியையும் தாண்டாமல் மேலே வந்தார். 1963–64இல் ‘வார்ஸ் ஆஃப் த ரோஸஸ்’ தொடரில் மூன்றாம் ரிச்சர்ட், பிறகு ஐந்தாம் ஹென்றி. வீரப் பிரதாப ஹென்றியை எதிர்பார்த்து வந்தவர்களுக்குச் சேற்றில் நடந்து களைத்த ஒரு சின்ன உருவ ராணுவத் தலைவன் கிடைத்தான்.

திருப்பம் 1965இல் ஹெரால்ட் பின்டரின் ‘தி ஹோம்கமிங்’ நாடகம். ஹோமுக்கு லென்னி வேடம்: வடக்கு லண்டனில் அப்பாவோடு குடியிருக்கும், பெண்களை வைத்துப் பிழைக்கும் ஆள். இரவு நேரம். பல வருஷம் கழித்து அண்ணன் ஊர் திரும்பியிருக்கிறான். அண்ணி ரூத் தனியாக உட்கார்ந்திருக்கிறாள், பக்கத்தில் ஒரு கண்ணாடி டம்ளர் தண்ணீர். லென்னி நிதானமாக, கிட்டத்தட்ட மரியாதையாக, தான் பெண்களை அடித்த கதைகளைச் சொல்லிவிட்டு டம்ளரை எடுத்துக்கொள்ளலாமா என்று கேட்கிறான். எடுத்தால் உன்னையே எடுத்துக்கொள்வேன் என்கிறாள் அவள். மேடையில் அசைவது ஒரு டம்ளர் மட்டும். மிரட்டியவன் யார், மிரண்டவன் யார் என்பது அந்த டம்ளர் இருக்கும் கையைப் பொறுத்து மாறுகிறது. இந்த வேடத்தை நியூயார்க்கின் பிராட்வேக்கும் கொண்டுபோய் 1967இல் துணை நடிகருக்கான டோனி வாங்கினார். 1973இல் படமானபோதும் லென்னி அவர்தான்.

பின்னால் திரையில் அவர் செய்த எல்லாவற்றுக்கும் அச்சு இந்த லென்னிதான். இனிமையாகப் பேசிக்கொண்டே ஒரு தகவலை உள்ளே வைத்துப் பூட்டியிருக்கும் மனிதன்.

உடைந்தது எது

மேடை பயம் பழைய நடிகர்களுக்கும் வரும். வேடத்தின் சுமையையும் கணக்கில் எடுக்க வேண்டும். ஹிக்கி முதல் அங்கத்தின் கடைசியில்தான் உள்ளே வருகிறான்; அதுவரை மேடையில் உள்ள அத்தனை பேரும் அவனைப் பற்றியே பேசிக்கொண்டிருக்கிறார்கள். நாடகத்தின் முடிவில், மனைவியைக் கொன்றதை ஒப்புக்கொள்ளும் நீண்ட தனிப்பேச்சு. அமெரிக்க நாடகத்தின் மிக நீண்ட பேச்சுகளில் ஒன்று அது. நடுவில் யாரும் கை கொடுக்க மாட்டார்கள். ஒரு வரி நழுவினால் அடுத்த வரிக்குப் பிடி கிடைக்காது. அதைவிடக் கொடுமை, அந்தப் பேச்சு தூரத்தில் காத்திருப்பது ஆரம்பம் முதலே நடிகருக்குத் தெரியும்.

படப்பிடிப்பில் இந்தச் சுமை இல்லை. பெரிய படமாக இருந்தால் நாளொன்றுக்குத் திரைக்கதையில் இரண்டு மூன்று பக்கம் எடுப்பார்கள். நடிகர் ஒரே சமயத்தில் நினைவில் வைத்திருக்க வேண்டியது சில நிமிடங்கள்தான். தவறினால் ‘கட்’, அடுத்த டேக். பயம் போய்விடுவதில்லை, அதற்கு நிற்க இடம் கிடைப்பதில்லை. ஆனால் சினிமாவுக்கு வேறு தொல்லைகள் உண்டு. கடைசிக் காட்சியை முதல் நாள் எடுப்பார்கள். மணிக்கணக்கில் காத்திருக்க வேண்டும். முந்தைய ஷாட்டில் கோப்பை எந்தக் கையில் இருந்ததோ அதே கையில் இருந்தாக வேண்டும். வருஷக்கணக்கில் ஒரே குழுவில் பல நாடகங்களை மாற்றி மாற்றி ஆடிய ஹோமுக்குக் கன்டின்யூட்டி சின்ன விஷயம்.

1976க்கு முன்பும் அவர் சினிமாவில் இருந்தார். 1968இல் ‘தி போஃபர்ஸ் கன்’ படத்துக்குத்தான் பாஃப்டா. அது தவிர சரித்திரப் படங்களில் அரசர், அமைச்சர், தூதர் என்று உடை மட்டும் மாறிய வேடங்கள். பார்த்தவுடன் மறந்துபோகும் ரகம்.

ஆஷ்

‘ஏலியன்’ 1978இல் ஷெப்பர்டன் ஸ்டுடியோவில் எடுக்கப்பட்டு அடுத்த ஆண்டு மே மாதம் வெளியானது. விண்கலத்தில் ஏழு பேர். அறிவியல் அதிகாரி ஆஷ் வேடத்தில் ஹோம். ஆஷ் மனிதனே அல்ல, கம்பெனி அனுப்பிய இயந்திரம் என்ற திருப்பம் டான் ஓபானனின் மூலக் கதையில் கிடையாது. வால்டர் ஹில்லும் டேவிட் கைலரும் திருத்தி எழுதியபோது சேர்ந்தது. நடிகருக்கு இதனால் ஒரு சிக்கல். முதல் தடவை பார்ப்பவருக்குச் சந்தேகம் வரக் கூடாது. இரண்டாவது தடவை பார்ப்பவருக்கு எல்லாமே தடயமாகத் தெரிய வேண்டும்.

ஹோம் இதற்காகச் செய்தவை மிகச் சின்னவை. முகத்தில் வேற்றுயிர் ஒட்டிய சகாவைத் தூக்கிக்கொண்டு வெளியே நிற்கிறார்கள். கலத்தின் அதிகாரி ரிப்லி கதவைத் திறக்க முடியாது, தனிமைப்படுத்தல் விதி இருக்கிறது என்கிறாள். ஆஷ் உள்ளேயிருந்து கதவைத் திறந்துவிடுகிறான். பார்ப்பவர்களுக்கு அது இரக்கமாகத்தான் படுகிறது. விதியை மீறினாயே என்று ரிப்லி தனியாக வந்து கேட்கும்போது பதற்றமோ கோபமோ இல்லை. தலையைத் திருப்பாமல் நுண்ணோக்கியோடு இருக்கிறான், கொஞ்சம் அசௌகரியமாகப் பதில் சொல்கிறான். ஓர் இடத்தில் தனியாக நின்ற நிலையில் கால்களை வேகமாக உதறிக்கொள்கிறான். மனிதனும் செய்யக்கூடியதுதான், ஆனால் எதற்கு? புறப்பட இரண்டு நாள் இருக்கும்போது பழைய அறிவியல் அதிகாரியை மாற்றி இவனைப் போட்டார்கள் என்று கேப்டன் போகிறபோக்கில் சொல்வது பாதிப் பேர் காதில் விழுவதில்லை.

பிறகு உடைப்பு. நெற்றியில் ஒரு சொட்டு வெள்ளையாக வழிகிறது. சுருட்டிய பத்திரிகையை ரிப்லியின் வாயில் திணிக்கிறான். இன்னொரு பணியாளர் பார்க்கர் தீயணைப்பு உருளையால் அடிக்க, தலை கழன்று தொங்குகிறது.

அந்தத் தலையை மேசையில் வைத்துப் பேச வைக்கும் காட்சி, செலவில்லாத வித்தைக்கு நல்ல பாடம். மேசையில் ஓட்டை. ஹோம் அடியில் இருந்து தலையை மட்டும் மேலே நீட்டுகிறார். கழுத்துக்கும் பலகைக்கும் நடுவே தெரியும் விளிம்பை மறைக்கக் குழாய்கள், பாஸ்தா, கண்ணாடிக் கோலிகள், மீன்முட்டை. எல்லாவற்றின் மேலும் பால். பால் எடுபடக் காரணம் உண்டு. சிவப்பு ரத்தம் என்றால் இது வன்முறை என்று மூளை உடனே பெயர் வைத்துவிடும். வெள்ளை திரவத்துக்கு நம்மிடம் பெயர் இல்லை, அதனால் குமட்டுகிறது. படப்பிடிப்பு விளக்குகளின் சூட்டில் பால் சீக்கிரம் திரியும், முகத்தில் காய்ந்தால் பொருக்குத் தட்டும். நடிகருக்கு அது சொகுசான நாளாக இருந்திருக்காது.

குறையும் உண்டு. மேசையில் எடுத்து வைக்கப்படுவது வார்ப்புத் தலை. அது கண் திறந்து பேசும்போது நிஜ ஹோம். இரண்டுக்கும் நடுவே உள்ள வெட்டு இன்றைக்கும் பளிச்சென்று தெரியும். ஆனால் நடிகர் பேச ஆரம்பித்ததும் அதை மறந்துவிடுகிறோம். நீங்கள் பிழைக்கும் வாய்ப்பைப் பற்றிப் பொய் சொல்ல மாட்டேன், என் அனுதாபம் உங்களுக்கு உண்டு என்ற பொருள்பட அந்தத் தலை சொல்கிறது; சொல்லிவிட்டு உதட்டோரத்தில் ஒரு சிறு சிரிப்பு. படம் முழுக்கப் பூட்டி வைத்தது அங்கேதான் வெளியே வருகிறது. ஹோம் நடித்ததிலேயே சிறந்த ஒரு நிமிடம் இதுதான் என்பது இந்த ஆய்வின் கருத்து.

தொப்பி

1981இல் ‘சேரியட்ஸ் ஆஃப் ஃபயர்’. 1924 பாரிஸ் ஒலிம்பிக்கில் ஹெரால்ட் ஏப்ரஹாம்ஸ் 100 மீட்டரை 10.6 நொடியில் ஓடித் தங்கம் வாங்கினார். அவருக்குப் பயிற்சி கொடுத்த சாம் முசபினி, காசு வாங்கிக் கற்றுக்கொடுப்பவர். அமெச்சூர் பெருமை பேசிய அந்தக் காலத்து விளையாட்டு உலகத்தில் அவருக்கு மதிப்பில்லை. படத்தில் அவர் மைதானத்துக்குள் வருவதில்லை. பக்கத்து ஹோட்டல் அறையில் காத்திருக்கிறார். ஜன்னல் வழியே கொடிக்கம்பங்கள் தெரிகின்றன. ஓட்டத்தைப் பார்க்க முடியாது. கொடி ஏறுவதும் தேசிய கீதம் கேட்பதும்தான் சேதி. எழுந்து நிற்கிறார், மெல்ல உட்காருகிறார், கையில் இருந்த வைக்கோல் தொப்பிக்குள் முஷ்டியால் ஒரே குத்து, அடிப்பாகம் பிய்ந்துபோகிறது.

திரையில் அவர் தோன்றும் நேரம் குறைவு. என்றாலும் இந்த வேடத்துக்கு கான் விழாவில் துணை நடிகர் விருது, பாஃப்டா, ஆஸ்கர் பரிந்துரை எல்லாம் கிடைத்தன. ஆஸ்கர் அந்த ஆண்டு ஜான் கீல்குட்டுக்குப் போனது. குணச்சித்திர நடிகரின் கணக்கு இதுதான்: நாயகனுக்கு ஓட்டம் முழுவதும் உண்டு, இவருக்கு ஒரு தொப்பி. அதை எப்போது குத்துவது என்பதில் எல்லாம் இருக்கிறது.

உயரம்

சுமார் ஐந்தரை அடி. நாயகன் வேடத்துக்குத் தடையான இந்த அளவே அவருக்கு நெப்போலியனை மூன்று முறை கொடுத்தது: 1974இல் தொலைக்காட்சித் தொடர் ‘நெப்போலியன் அண்ட் லவ்’, 1981இல் ‘டைம் பேண்டிட்ஸ்’, 2001இல் ‘தி எம்பரர்ஸ் நியூ க்ளோத்ஸ்’. நடுவில் உள்ளதுதான் மூன்றிலும் கெட்டி. போர் வென்ற பேரரசன் பொம்மலாட்டம் பார்த்துச் சிரிக்கிறான். போதையில் சரித்திரத்தின் பெரும் வெற்றியாளர்கள் ஒவ்வொருவரும் எத்தனை அடி எத்தனை அங்குலம் என்று ஒப்பிக்கிறான்.

‘தி லார்ட் ஆஃப் த ரிங்ஸ்’ கதையின் முதிய ஹாபிட் பில்போ வேறு விஷயம். 1981இல் பிபிசி ரேடியோ 4 அந்தக் கதையை 26 பகுதிகளாக ஒலிபரப்பியபோது ஹோம் அதன் நாயகன் ஃப்ரோடோவாகப் பேசினார். சாம் வேடத்துக்குக் குரல் பில் நைய். இருபது வருஷம் கழித்துத் திரைப்பட இயக்குநர் பீட்டர் ஜாக்சன் முதிய பில்போவுக்கு அவரைத் தேர்ந்தெடுத்ததில் அந்த வானொலிக் குரலுக்கும் பங்குண்டு.

பில்போ வீட்டுக் காட்சிகளில் நடிகர் எதிர்கொண்ட தொழில்நுட்பத்தைத் தெரிந்துகொண்டால்தான் நடிப்பின் அருமை புரியும். ஹாபிட் என்பவன் மனிதனைவிடச் சின்னவன். ஹோமை அவருடைய உயரத்தில் முக்கால் பங்காகக் காட்ட வேண்டும். ஒரே ஷாட்டில் இருவரையும் வைத்தால் தூரத்தை வைத்து ஏமாற்றுவார்கள். மந்திரவாதி காண்டால்ஃபாக நடிக்கும் இயன் மெக்கெல்லன் கேமராவிலிருந்து 3 மீட்டரில் உட்கார்ந்தால் ஹோம் 4 மீட்டரில் இருக்க வேண்டும். மேசை ஒன்றாகத் தெரியும். உண்மையில் இரண்டு அளவில் செய்து, லென்ஸின் கண்ணுக்கு மட்டும் ஒட்டியதுபோல வைத்த இரண்டு துண்டுகள். கோப்பை, தட்டு எல்லாம் இரண்டு அளவில்.

இதில் கெடக்கூடியவை மூன்று. முதலாவது ஃபோகஸ்: இரண்டு தூரமும் ஒரே கூர்மையில் இருக்க லென்ஸ் துவாரத்தைச் சுருக்க வேண்டும், அதற்கு ஏற்ப விளக்கைக் கூட்ட வேண்டும். இரண்டாவது கேமரா நகர்வு: பக்கவாட்டில் கொஞ்சம் நகர்ந்தாலும் மேசையின் இரண்டு துண்டும் பிரிந்து குட்டு வெளிப்பட்டுவிடும். இதைச் சமாளிக்க கேமரா நகரும்போது நடிகர் உட்கார்ந்த மேடையையும் சேர்த்து நகர்த்தும் அமைப்பைச் செய்தார்கள். மூன்றாவது ‘லுக்’, நடிகருக்கு அதுதான் பெரும்பாடு. எதிரில் இருப்பவர் முகத்தைப் பார்த்தால் பார்வை தப்பான இடத்துக்குப் போகும். ஹோம் வெறும் காற்றில் குறித்துவைத்த புள்ளியைப் பார்த்துச் சிரிக்க வேண்டும், மெக்கெல்லன் வேறொரு புள்ளியைப் பார்க்க வேண்டும். அறுபது வயது தாண்டிய இரண்டு மேடை நடிகர்கள் ஒருவரையொருவர் பார்க்காமலே பழைய சிநேகிதர்களாகத் தெரிகிறார்கள்.

மற்ற ஷாட்டுகளுக்கு வீட்டையே இரண்டு அளவில் கட்டினார்கள். சின்ன செட்டில் மெக்கெல்லன் உத்தரத்தில் தலையை இடித்துக்கொண்டது தற்செயல். படத்தில் அப்படியே இருக்கிறது. முதுகு தெரியும் இடங்களுக்கு உயரம் குறைந்த கிரண் ஷா டூப்.

இத்தனை கட்டுப்பாட்டுக்குள்ளும் ஹோம் ஒவ்வொரு டேக்கிலும் வசனத்தை வேறு மாதிரி சொல்வார் என்று ஜாக்சன் சொல்லியிருக்கிறார். எடிட்டிங் மேசையில் இயக்குநருக்கு இது பெரிய சொத்து. தன்னை ஆட்டிவைக்கும் மந்திர மோதிரத்தை விட்டுவிட்டுப் போ என்று காண்டால்ஃப் சொல்லும் காட்சியில் பில்போவின் முகம் அடிக்கடி மாறுகிறது: கோபம், கெஞ்சல், குழந்தைத்தனம், வெட்கம். எந்த நிறம் எங்கே வரவேண்டும் என்று பிறகு தேர்ந்தெடுக்க, எல்லா நிறமும் கையில் இருக்க வேண்டும்.

பொருந்தாத அளவு

1988இல் கிரனாடா டிவி 13 பகுதித் தொடர் ‘கேம், செட் அண்ட் மேட்ச்’ எடுத்து, உளவாளி பெர்னார்ட் சாம்சன் வேடத்தை ஹோமுக்குக் கொடுத்தது. செலவுக்கும் எதிர்பார்ப்புக்கும் ஏற்ற வரவேற்பு இல்லை. மறைத்து வைப்பவர் ஒரு காட்சியில் வந்தால், என்ன மறைக்கிறார் என்று நாம் தேடுவோம். அவரே 13 மணி நேரம் கதையைச் சுமந்தால் தேடிக் களைத்துவிடுவோம். பிழை நடிகரிடம் இல்லை, அளவில். 1978இல் பிபிசியின் ‘தி லாஸ்ட் பாய்ஸ்’ தொடரில் ஜே.எம். பேரியாக அவர்தான் மையம். அங்கே பகுதிகள் மூன்றே, வேடமும் தன்னையே ஒளித்துக்கொள்ளும் எழுத்தாளன். அது எடுபட்டது.

திரும்பியது

மேடைக்கு மீண்டது 1993இல், லண்டனின் சிறிய அல்மெய்டா அரங்கில், மறுபடி பின்டர். நாடகம் ‘மூன்லைட்’. ஆண்டி என்ற வேடம் சாகக் கிடப்பவன். நாடகம் முழுக்கப் படுக்கையில்தான். மேடையிலிருந்து எழுந்து போனவரைப் படுக்க வைத்துத் திரும்ப அழைத்து வந்திருக்கிறார்கள் என்று சொன்னால் விளையாட்டாக இருக்கும், ஆனால் நடைமுறையில் நல்ல யோசனை. நடக்க வேண்டாம், மேடையை அளக்க வேண்டாம். குரல் மட்டும் போதும்.

1997இல் எல்லாம் ஒன்றாக வந்தன. நேஷனல் தியேட்டரின் மூன்று அரங்குகளில் மிகச் சிறியதான காட்டஸ்லோவில், ரிச்சர்ட் ஐர் இயக்கத்தில் லியர் அரசன். புயல் காட்சியில் முழு நிர்வாணம். பார்வையாளர் சில அடி தூரத்தில். அதற்கு லண்டன் நாடக உலகின் ஆலிவியர் விருது, 1998இல் சர் பட்டம். அதே 1997 மே மாதம் கான் விழா ‘தி ஃபிஃப்த் எலிமென்ட்’ படத்தோடு தொடங்கியது. அதில் அவர் பாதிரியார் கொர்னேலியஸ், கிட்டத்தட்டக் கோமாளி. அதே விழாவில் கிராண்ட் ப்ரி வாங்கியது ஆட்டம் எகோயானின் ‘தி ஸ்வீட் ஹியராஃப்டர்’. அதில் அவர் நாயகன்.

பள்ளிப் பேருந்து பனியில் சறுக்கி ஏரிக்குள் போன ஊரில் வழக்குத் தேடி வரும் வக்கீல் அவர். விமானத்தில் பக்கத்து இருக்கைப் பெண்ணிடம் ஒரு பழைய கதை சொல்கிறார். குழந்தையாக இருந்த மகளைச் சிலந்தி கடித்து உடம்பு வீங்குகிறது, ஆஸ்பத்திரி தூரம். வழியில் மூச்சுக்குழாய் அடைத்தால் தொண்டையைக் கீறவேண்டி வரும், கையில் சின்னக் கத்தி வைத்துக்கொள் என்று டாக்டர் சொல்கிறார். ஒரு கையில் கத்தி, மடியில் அவர் பாடிச் சாந்தப்படுத்தும் குழந்தை. ஹோம் இதைப் பயண நேரத்தைக் கழிப்பவர் குரலில் சொல்கிறார். ஹிக்கி வேடத்தில் அவரை விழுங்கிய நீண்ட ஒப்புதல் பேச்சின் உறவுக்காரப் பேச்சு இது. இங்கே அது லென்ஸுக்குப் பக்கத்தில், தாழ்ந்த குரலில். கனடாவின் ஜீனி விருது இந்த வேடத்துக்கு.

அவரைப் புதிதாகப் பார்க்கத் தொடங்குபவர்கள் இந்தப் படத்திலிருந்தே தொடங்கலாம், பிறகு ‘ஏலியன்’. 2007இன் ‘ராட்டடூயி’யில் குள்ளச் சமையல் தலைவன் ஸ்கின்னராகக் குரல் கொடுத்ததைக் குழந்தைகளோடு பார்க்கலாம்.

இறந்த பிறகு

‘ஹாபிட்’ படங்களுக்கு முதிய பில்போ தேவைப்பட்டபோது ஹோமுக்குப் பார்க்கின்சன் நோய். நியூசிலாந்து வரை பறக்க முடியாது. அதனால் அவருடைய பகுதிகளை லண்டனிலேயே எடுத்தார்கள். 2020 ஜூன் 19 அன்று லண்டனில் காலமானார்.

2024 ஆகஸ்டில் ‘ஏலியன்: ரோமுலஸ்’ வந்தது. ஆஷ் மாதிரியிலேயே செய்த ரூக் என்ற இயந்திர மனிதனுக்கு ஹோமின் முகம். குடும்பத்தாரிடம் அனுமதி வாங்கித்தான் செய்தார்கள். ‘லார்ட் ஆஃப் த ரிங்ஸ்’ காலத்தில் ஒப்பனைக்காக எடுத்த தலை வார்ப்பு உதவியது. அதை வைத்து இடுப்புக்கு மேல் மட்டும் உள்ள இயந்திரப் பொம்மை செய்து, டேனியல் பெட்ஸ் என்ற நடிகர் முகபாவமும் குரலும் கொடுக்க, அதன் மேல் கணினியில் ஹோமின் சாயலை ஏற்றினார்கள்.

எடுபடவில்லை. வாயைச் சுற்றிய தசைக்கும் உதட்டுக்கும் ஒத்துப்போகவில்லை, கண்ணில் ஈரம் இல்லை, ஒளி முகத்தில் விழுவது ஒரு மாதிரி, தோளில் விழுவது வேறு மாதிரி. இயந்திரம் என்பதால் இயந்திரத்தனம் பொறுத்துக்கொள்ளப்படும் என்று நினைத்திருப்பார்கள். 1979இன் ஆஷ் பயமுறுத்தியது மனிதனாகவே தெரிந்ததால்தான். இறந்தவர் முகத்தைப் பயன்படுத்தலாமா என்ற கேள்வியும் பலமாகக் கிளம்பியது. கையெழுத்துப் போட்டவர்கள் குடும்பத்தார், முகத்துக்குச் சொந்தக்காரர் அல்ல. வீட்டில் பார்க்கும் பதிப்பு வெளியானபோது இயக்குநர் ஃபெடே அல்வாரெஸ் அந்தக் காட்சிகளைத் திருத்தினார்: கணினிப் பூச்சைக் குறைத்து, பொம்மையை அதிகம் தெரியவிட்டார்.